டேனையும் காஸையும் பெருக்கினால் சைன்தானே, சார்பகம் மட்டும் ஏன் மாறுகிறது?

கேள்வி: 2024 ஜூலை 8, மாலை

பதினொன்றாம் வகுப்பு படிக்கிறேன். மாதத் தேர்வில் டேன் எக்ஸ் × காஸ் எக்ஸ் என்ற சார்பின் சார்பகத்தை, அதாவது எக்ஸுக்கு எந்தெந்த மெய்யெண்களைக் கொடுக்கலாம் என்பதைக் கேட்டிருந்தார்கள். டேன் என்பது சைன்/காஸ். மேலே ஒரு காஸ், கீழே ஒரு காஸ், இரண்டும் அடிபட்டால் மிச்சம் சைன் எக்ஸ். சைனின் சார்பகம் எல்லா மெய்யெண்களும். அதைத்தான் எழுதினேன். 2 மதிப்பெண்ணும் போய்விட்டது. வீட்டுக்கு வந்து கைப்பேசிச் செயலியில் வரைந்தும் பார்த்தேன். சைன் அலை முழுசாக வருகிறது, எங்கேயும் அறுபடவில்லை. என் விடை சரி என்றுதான் இன்னமும் நினைக்கிறேன். தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஜூலை 8, இரவு

விடை தவறுதான் தம்பி. பை/2-இன், அதாவது 90 பாகையின், ஒற்றை மடங்குகளை நீக்க வேண்டும். மற்ற மெய்யெண்கள் எல்லாம் சார்பகத்தில் உண்டு.

எக்ஸுக்கு 90 பாகை கொடுத்துப் பாருங்கள். முதலில் டேன் 90 வேண்டும். அது கிடையாது. காஸ் 90 என்பது 0, அதில் பிரச்சினை இல்லை. ஆனால் கையில் இல்லாத ஒன்றை 0-வால் பெருக்கு என்றால் எதைப் பெருக்குவது? நீங்கள் காஸையும் காஸையும் அடித்தீர்களே, அதைக் காஸ் 0 ஆகாத இடத்தில் மட்டும்தான் செய்ய முடியும். விடையில் அந்த நிபந்தனை வரவே இல்லை.

சுருக்குவதற்கு முன்னாலேயே சார்பகத்தைப் பாருங்கள். கொடுத்தது கொடுத்தபடி இருக்கும்போதே. சுருக்கிய பிறகு உங்கள் கையில் இருப்பது வேறொரு சார்பு. டேன் × காஸும் சைனும் கிட்டத்தட்ட எல்லா இடத்திலும் ஒரே மதிப்பைத் தருகின்றன, ஆனால் இரண்டும் ஒரே சார்பு இல்லை. சார்பகமும் ஒத்துப்போனால்தான் இரண்டு சார்புகளைச் சமம் என்போம்.

ஜூலை 8, தூங்கப் போகும் முன்

வரைபடத்தைப் பற்றிச் சொல்ல மறந்துவிட்டேன். அலை அறுபடாமல் தெரிவதில் வியப்பில்லை. ஒவ்வோர் இடத்திலும் விடுபட்டது ஒரே ஒரு புள்ளி, அதற்கு அகலமே கிடையாது. செயலி அங்கங்கே சில எண்களை எடுத்து மதிப்பு கண்டுபிடித்து, புள்ளிகளைக் கோட்டால் இணைக்கிறது. அது எடுத்த எண்களில் பை/2 துல்லியமாக இருக்க வாய்ப்பே இல்லை. கையால் வரைந்தால் அந்த இடத்தில் குட்டியாக ஒரு வெற்று வட்டம் போட்டுக் காட்டுவோம். பாடத்தில் பின்னால் தொடர்ச்சி வரும்போது இதே ஓட்டை, நீக்கக்கூடிய தொடர்ச்சியின்மை என்ற பெயரில் வரும்.

ஜூலை 9

இன்னொருவர் சார்பகம் காணச் சுருக்கமான வழி கேட்டிருக்கிறார். டியூஷன் பிள்ளைகளுக்கு நான் சொல்வது: பின்னத்தின் பகுதியில், அதாவது கீழே, 0 வருமா, வர்க்கமூலத்துக்குள் குறை எண் வருமா, மடக்கைக்குள் 0-வோ குறை எண்ணோ வருமா, சைன், காஸ் மதிப்பிலிருந்து கோணத்தைத் திருப்பித் தரும் சைன் இன்வர்ஸ் காஸ் இன்வர்ஸுக்குள் −1-க்குக் கீழேயோ 1-க்கு மேலேயோ ஏதாவது வருமா. இந்த நான்கையும் பார்த்தால் பள்ளிக்கூடக் கணக்கு எல்லாம் அடங்கிவிடும். முக்கோணவியலில் பகுதி ஒளிந்திருக்கும், அதுதான் சிக்கல். டேன் என்று எழுதும்போது கீழே காஸ் இருப்பது கண்ணுக்குத் தெரியாது. 1/காஸ் ஆன சீகண்டும் அப்படித்தான். கோடேன்ஜென்ட் என்பது 1/டேன், ஆகவே அதில் டேன் இல்லாத இடமும் போகும், டேன் 0 ஆகும் இடமும் போகும், பை/2-இன் எல்லா மடங்குகளும் நீங்கும்.

ஜூலை 10, காலை

நேற்று எழுதியதில் கடைசி வரி தவறு. ராத்திரி படுத்த பிறகுதான் உறைத்தது.

கோடேன்ஜென்டின் வரையறை காஸ்/சைன். கீழே இருப்பது சைன். அது 0 ஆவது பையின் முழு எண் மடங்குகளில். அவை மட்டும்தான் போகும். பை/2-இல் காஸ் 0, சைன் 1, ஆகவே கோடேன்ஜென்டின் மதிப்பு 0. நல்ல திடமான மதிப்பு அது. 1/டேன் எக்ஸ் என்று கேள்வியிலேயே கொடுத்திருந்தால்தான் பை/2-உம் சேர்ந்து போகும். சின்ன வகுப்பிலிருந்து 'டேனின் தலைகீழி' என்று சொல்லிச் சொல்லி எனக்கும் கை அப்படியே எழுதிவிட்டது. படித்தவர்கள் திருத்திக்கொள்ளுங்கள்.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. நட்டுவைத்த கம்பின் நிழல் நீளம் என்பது கம்பின் உயரம் × சூரிய உயரக் கோணத்தின் கோடேன்ஜென்ட். சூரியன் நேர் உச்சிக்கு வந்தால் கோணம் 90 பாகை, நிழல் 0. நம் ஊர்களில் வருடத்துக்கு இரண்டு நாள் இது உண்மையாகவே நடக்கிறது, நிழலில்லா நாள் என்கிறோமே அது. கோடேன்ஜென்டை 1/டேன் என்று எழுதி வைத்திருப்பவருக்கு அந்த இரண்டு நாளும் வாய்பாடு வேலை செய்யாது. காஸ்/சைன் என்று வைத்திருப்பவருக்கு 0 வந்துவிடும்.

ஜூலை 13

கேள்வி கேட்ட தம்பி மறுபடி எழுதியிருக்கிறார்: 'டேன் 90 முடிவிலி என்றுதானே சொல்வார்கள். முடிவிலி × 0 ஏன் 1 ஆகக் கூடாது? காஸ் அடிபட்டால் சைன் 90, அதாவது 1 வருகிறதே.'

முடிவிலி என்று சொல்லிக்கொடுப்பதால்தான் இந்தக் குழப்பம் வருகிறது என்பது என் எண்ணம். கரண்ட் போன ஒரு ராத்திரி, டியூஷனுக்கு வந்த பிள்ளைகளை வெளியே கூட்டிப்போய் டார்ச் லைட்டை வைத்து இதைக் காட்டினேன். எங்கள் தெருவில் ஒரு நீளமான காம்பவுண்டு சுவர் இருக்கிறது. சுவரிலிருந்து 1 மீட்டர் தள்ளி நின்று, முதலில் வெளிச்சத்தைச் சுவருக்கு நேராக அடித்தோம். அது 0 பாகை. அங்கிருந்து டார்ச்சை மெல்லத் திருப்பினால் வெளிச்ச வட்டம் சுவரின் மேல் நகரும். நகர்ந்த தூரம்தான் டேன். 45 பாகைக்கு 1 மீட்டர். 60-க்கு 1.73. 80-க்கு 5.67. 89-க்கு 57.29 மீட்டர், நம் டார்ச்சுக்கு அவ்வளவு தூரம் எட்டாது, ஆனால் சுவர் இருந்தால் அங்கேதான் விழும். 90-க்குத் திருப்பியதும் ஒளி சுவருக்கு இணையாகப் போகிறது. சுவரில் எங்கே விழுகிறது என்று கேட்டேன். ஒரு பையன் 'ரொம்ப தூரத்தில்' என்றான். பக்கத்தில் நின்ற சின்னவள், 'விழவே இல்லை சார்' என்றாள். அவள் சொன்னதுதான் சரி. இல்லாத வெளிச்ச வட்டத்துக்குத் தூரம் கிடையாது. 0-வால் பெருக்கினாலும் கிடையாது.

90-ஐத் தாண்டித் திருப்பினால் டார்ச் சுவரை விட்டு அந்தப் பக்கம் திரும்பிவிடும். அந்த ஒளிக்கோட்டைப் பின்னோக்கி நீட்டினால் சுவரின் எதிர்ப்பக்கத்தில் வெகுதூரத்தில் தொடும். டேன் 91 ஏன் −57.29 என்பதற்கு இதைவிட நல்ல படம் எனக்குக் கிடைக்கவில்லை.

ஜூலை 13, பின்சேர்க்கை

அந்தச் சின்னவள் மறுநாள் கால்குலேட்டரோடு வந்தாள். டேன் 89.9 போட்டால் 572.957. டேன் 89.99 போட்டால் 5729.578. டேன் 89.999 போட்டால் 57295.78. 'சார், அதே எண் திரும்பத் திரும்ப வருது, புள்ளி மட்டும் நகருது' என்றாள். இத்தனை வருடம் பாடம் எடுத்து நான் கவனிக்காதது. 1 ரேடியன் என்பது 57.29578 பாகை. 90-க்கு மிக அருகில் டேன் என்பது, 90-க்கு இன்னும் எவ்வளவு பாக்கி என்பதை ரேடியனில் எழுதி அதன் தலைகீழியை எடுத்தால் வருவதுதான். பாக்கி பத்தில் ஒன்றானால் டேன் பத்து மடங்காகும். கடைசியில் 90 போட்டாள், மேத் எரர் வந்தது. 'பாக்கி 0, அதனால்தான்' என்று அவளே சொன்னாள்.

ஜூலை 14

மதிப்பெண் விஷயம். 2-இல் 1 கொடுத்திருக்கலாம் என்று முதலில் நினைத்தேன். யோசித்துப் பார்த்தால் அதுவும் சரியாகப் படவில்லை. கேட்டது சார்பகம் மட்டும், எழுதிய சார்பகம் தவறு. ஆனால் விடைத்தாளில் ஏன் தவறு என்று ஓரத்தில் ஒரு வார்த்தை எழுதியிருக்க வேண்டும். 'காஸ் 0?' என்று எழுதியிருந்தால் போதும். வெறும் பெருக்கல் குறியைப் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போகிற பிள்ளைக்குக் கோபம்தான் வரும்.

ஜூலை 15

இலங்கையிலிருந்து ஒருவர், 'சார்பகம் என்றால் நாங்கள் ஆட்சி என்று படித்ததா?' என்று கேட்டிருக்கிறார். ஆமாம், அதேதான். சார்பு தரும் மதிப்புகளின் கணம் இங்கே வீச்சகம், அங்கே வீச்சு. ஆட்சி என்ற சொல் எனக்கு மிகவும் பிடித்துப்போய்விட்டது. ஒரு சார்பு எதுவரை ஆளுகிறது என்று அதிலேயே பொருள் இருக்கிறது.

ஜூலை 21

டேன் 2எக்ஸின் சார்பகம். இந்த வாரம் 14 பேருக்கு இதைக் கொடுத்தேன், 6 பேர் சரியாக எழுதினார்கள். மீதிப் பேரில் சிலர் டேன் எக்ஸின் விடையை அப்படியே எழுதிவிட்டார்கள், சிலர் 2-ஆல் பெருக்கி பையின் ஒற்றை மடங்குகளை நீக்கினார்கள். உள்ளே இருக்கும் முழுக் கோணமும், அதாவது 2எக்ஸ், பை/2-இன் ஒற்றை மடங்காக இருக்கக் கூடாது. அப்படியானால் எக்ஸ், பை/4-இன் ஒற்றை மடங்காக இருக்கக் கூடாது. எக்ஸ்/2 என்றால் தலைகீழ்: நீங்குவது பையின் ஒற்றை மடங்குகள். பை/4-ஐ நீக்கிவிட்டு 3பை/4-ஐயும் −பை/4-ஐயும் மறந்தவர்களும் உண்டு. சார்பு காலமுறையானது, ஆகவே விலக்கும் முறை வைத்துத் திரும்பத் திரும்ப வரும்.

ஜூலை 28

எக்ஸ்/2 என்று எழுதியதும் ஒரு பழைய விஷயம் ஞாபகம் வந்துவிட்டது. ஒரு வாரமாக மனசில் ஓடுகிறது, எழுதிவிடுகிறேன்.

கல்லூரி முதல் வருடம், உள்தேர்வு. சைன் எக்ஸ் + காஸ் எக்ஸ் = −1, தீர்வுகளைக் காண்க. அப்போதுதான் புதிதாகக் கற்ற வித்தை ஒன்று கையில் இருந்தது: டேன்(எக்ஸ்/2)-ஐ டி என்று வைத்தால் சைன் என்பது 2டி/(1 + டி²), காஸ் என்பது (1 − டி²)/(1 + டி²). போட்டேன். 2டி + 1 − டி² = −1 − டி². இரண்டு பக்கமும் டி² அடிபட்டது. 2டி = −2. டி = −1. எக்ஸ்/2 என்பது −பை/4, எக்ஸ் என்பது −பை/2, அதோடு 2பையின் மடங்குகள். மூன்றே வரி. வகுப்பிலேயே முதலில் தாளைக் கொடுத்துவிட்டு வெளியே வந்தேன்.

தாள் திரும்பி வந்தபோது என் விடைக்குக் கீழே பேராசிரியர் சிவப்பு மையில், 'பை எங்கே?' என்று எழுதியிருந்தார். எக்ஸ் = பை போட்டுப் பாருங்கள். சைன் பை 0, காஸ் பை −1. கூட்டினால் −1. சரியான தீர்வு அது. என் மூன்று வரியில் அது எங்கேயும் இல்லை.

அன்றைக்கு முழுக்கத் தேடினேன். கூட்டல் சரி, கழித்தல் சரி. மறுநாள்தான் தெரிந்தது. டி என்று எழுதிய முதல் நொடியிலேயே தீர்வு போய்விட்டது. எக்ஸ் = பை என்றால் எக்ஸ்/2 என்பது பை/2. அங்கே டேன் கிடையாது, ஆகவே டி கிடையாது. பையையும் அதன் ஒற்றை மடங்குகளையும் வெளியே தள்ளிக் கதவைச் சாத்திவிட்டு உள்ளே தீர்வு தேடியிருக்கிறேன். டி² அடிபட்டபோதே சந்தேகம் வந்திருக்க வேண்டும். இருபடிச் சமன்பாடாக வரவேண்டியது ஒருபடியாகக் குறைந்தால் ஒரு தீர்வு வெளியே நிற்கிறது என்று பொருள்.

தம்பி, உங்கள் கணக்கில் சுருக்கியதால் சார்பகம் பெரிதாகிவிட்டது. என் கணக்கில் பிரதியிட்டதால் சுருங்கிவிட்டது. இரண்டு பேருக்கும் மதிப்பெண் போனது ஒரே காரணத்தால்தான்.

ஆகஸ்ட் 4

வர்க்கமூலம்(சைன் எக்ஸ்). சைன் 0-வோ அதற்கு மேலோ இருக்க வேண்டும். 0 முதல் பை வரை உண்டு, பையிலிருந்து 2பை வரை இல்லை, மறுபடி 2பை முதல் 3பை வரை உண்டு. ரயில் பெட்டி மாதிரி ஒன்று விட்டு ஒன்று. முனைகள் சேரும், அங்கே மூலம் 0.

வர்க்கமூலம்(சைன் எக்ஸ் − 1) இன்னும் சுவையானது. சைன் 1-ஐத் தாண்டாது, ஆகவே உள்ளே எப்போதும் குறை எண், ஆகவே சார்பகம் வெற்றுக் கணம் என்று ஒரு காலத்தில் நானே கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். கடைசி பெஞ்சுப் பையன் ஒருவன் எழுந்து, 'சார், சைன் 1-ஆகவே இருந்தா?' என்றான். அழித்துவிட்டுத் திருத்தினேன். சைன் சரியாக 1 ஆகும் இடங்களில் உள்ளே 0, மூலம் 0. சார்பகம் என்பது பை/2, அதோடு 2பையின் மடங்குகள், அவ்வளவுதான். தனித்தனிப் புள்ளிகள். வரைபடம் எக்ஸ் அச்சின் மேல் தூரம் தூரமாக வைத்த பொட்டுகள். சார்பகம் இடைவெளியாகத்தான் இருக்கும் என்று யார் சொன்னது? அந்தப் பையனுக்குப் பிறகுதான் ஒவ்வொரு வருடமும் இந்தக் கணக்கைக் கொடுக்கிறேன்.

ஆகஸ்ட் 11

நேர்மாறு சார்புகள், அதாவது சைன் இன்வர்ஸ், காஸ் இன்வர்ஸ் போன்றவை பற்றி இரண்டு பேர் கேட்டிருக்கிறார்கள்.

முதலில் குறியீடு. சைனின் தலையில் −1 போடுவதை 1813-இல் ஜான் ஹெர்ஷல் அறிமுகப்படுத்தினார். வசதியானதுதான், ஆனால் அடுக்கு −1 என்று படித்து 1/சைன் என்று எழுதுகிற பிள்ளைகள் வருடா வருடம் வருகிறார்கள். சார்பகத்தைப் பார்த்தாலே இரண்டும் வேறு என்று தெரிந்துவிடும். 1/சைனுக்குப் பையின் மடங்குகள் மட்டும் ஆகாது. சைன் இன்வர்ஸுக்கோ −1 முதல் 1 வரை மட்டும்தான் ஆகும்.

அப்புறம் ஒரு கணக்கு: சைன் இன்வர்ஸ்(3 − 2எக்ஸ்²). உள்ளே இருப்பது −1-க்கும் 1-க்கும் நடுவில் வேண்டும். சுருக்கினால் எக்ஸ்² என்பது 1-லிருந்து 2 வரை. இங்கேதான் எல்லோரும் அவசரப்பட்டு 1 முதல் வர்க்கமூலம் 2 வரை என்று எழுதி முடிக்கிறார்கள். குறைப் பக்கமும் உண்டு: −வர்க்கமூலம் 2 முதல் −1 வரை. இரண்டையும் சேர்த்துத்தான் சார்பகம். நடுவில் 0 கிடையாது. 0 போட்டால் சைன் இன்வர்ஸ் 3 வரும், சைன் 3 ஆகிற கோணம் எங்கே இருக்கிறது?

சைன்(சைன் இன்வர்ஸ் எக்ஸ்), சைன் இன்வர்ஸ்(சைன் எக்ஸ்): இரண்டுக்கும் விடை எக்ஸ் என்று எழுதுபவர்கள் நின்று பார்க்கவும். முதலாவதன் சார்பகம் −1 முதல் 1 வரை, விடை எக்ஸ்தான். இரண்டாவதன் சார்பகம் எல்லா மெய்யெண்களும், ஆனால் விடை எப்போதும் எக்ஸ் இல்லை. எக்ஸ் = 4 போட்டால் வருவது பை − 4, அதாவது சுமார் −0.86.

ஆகஸ்ட் 12

என்னிடம் படித்த ஒருவர் இப்போது மென்பொருள் வேலையில் இருக்கிறார். நேற்றைய குறிப்பைப் படித்துவிட்டுக் கூப்பிட்டார். வரைபடத்தில் இரண்டு இடங்களுக்கு நடுவே தூரம் கணக்கிடும் நிரல், திடீரென்று ஒருநாள் நின்றுவிட்டதாம். இரண்டு இடமும் ஒரே இடமாக இருந்தபோது காஸ் இன்வர்ஸுக்குள் 1 போக வேண்டும். தசம இலக்கங்களை வெட்டியதில் 1.0000000000000002 போய்விட்டது. பைத்தான் என்ற நிரல்மொழி அதை ஏற்காமல் மேத் டொமைன் எரர், அதாவது சார்பகப் பிழை, என்று சொல்லி நின்றுவிட்டது. 'சார், நீங்க −1, 1 என்று பலகையைத் தட்டித் தட்டிச் சொன்னதுதான் ஞாபகம் வந்துச்சு' என்றார்.

டேனில் இதற்கு நேர்மாறு. பைத்தானில் டேன்(பை/2) கேட்டால் பிழை வராது, 16-ஐ ஒட்டிய அடுக்குள்ள பெரிய எண் வரும், சுமார் 1.633 × 10¹⁶. பை விகிதமுறா எண். கணினியிடம் இருப்பது பை/2-க்கு மிக அருகில் உள்ள வேறு எண், அந்த எண்ணுக்கு டேன் உண்டு. ஆகவே கணினி விடை தருகிறது என்பதை வைத்து அந்தப் புள்ளி சார்பகத்தில் இருக்கிறது என்று முடிவுகட்ட முடியாது. செயலியில் வரைந்த தம்பி கவனிக்க.

ஆகஸ்ட் 18

கொஞ்சம் விலகிப் போகிறேன். ஆரியபட்டர் 499-இல் தந்த சைன் பட்டியலில் 24 மதிப்புகள், 3 பாகை 45 கலை (60 கலை ஒரு பாகை) இடைவெளியில், 90 பாகையோடு முடிந்துவிடும். வானத்தை அளக்க அது போதுமானதாக இருந்தது. நம் பிள்ளைகளும் பத்தாம் வகுப்பு வரை அந்த 0 முதல் 90-க்குள்தான் வளர்கிறார்கள், செங்கோண முக்கோணத்துக்குள். பதினொன்றில் ஓரலகு வட்டம் வந்ததும் ஒரே நாளில் எல்லா மெய்யெண்களும் உள்ளே வந்துவிடுகின்றன. சார்பகம் என்ற பேச்சே அந்த நாளில்தான் தேவைப்படுகிறது. அந்தத் தாவலுக்கு ஒரு வகுப்பு முழுக்க ஒதுக்க வேண்டும் என்று நினைக்கிறேன். நான் இதுவரை கால் மணி நேரம்தான் கொடுத்திருக்கிறேன், இந்த வருடம் மாற்றப் போகிறேன்.

ஆகஸ்ட் 27

ஜூலை 10-இல் எழுதிய நிழல் விஷயம். இன்று மதுரையில் வெயில் இருந்தது. மொட்டை மாடியில் 60 சென்டிமீட்டர் பிவிசி குழாய் ஒன்றைத் தூக்குக்குண்டு வைத்து நேராக நிறுத்தினோம். பிள்ளைகள் ஐந்து பேர். 12 மணி அடிக்கும்போது நிழல் விரல் நீளத்துக்குக் குறைவாக இருந்தது. 12:20 வாக்கில் குழாயின் அடியைச் சுற்றி எதுவும் இல்லை. குழாயின் வாய் வழியாகப் போன வெயில், உள்ளே தரையில் வட்டமாக விழுந்திருந்தது. அரை மணி கழித்து கிழக்கே 8 சென்டிமீட்டர் நிழல். 8/60-க்கு உரிய கோணத்தைக் கால்குலேட்டரில் தேடினார்கள், சூரிய உயரம் 82 பாகைக்குக் கொஞ்சம் மேல் என்று வந்தது. நடுவில் இருந்த அந்த 0-வை ஒருத்தி நோட்டில், 'கோடேன்ஜென்ட் 90 = 0, பார்த்தேன்' என்று எழுதிக்கொண்டாள்.

செப்டம்பர் 2

தம்பி ஒரு கணக்கும் தன் விடையும் அனுப்பியிருக்கிறார். வர்க்கமூலம்(சைன் எக்ஸ்) + வர்க்கமூலம்(16 − எக்ஸ்²). இரண்டாவது மூலத்துக்கு எக்ஸ் −4 முதல் 4 வரை. முதலாவதற்கு ரயில் பெட்டிகள். இரண்டும் பொதுவாக உள்ள இடம்தான் விடை.

நான் மனசில் போட்டது 0 முதல் பை வரை. அவருடைய விடையில் இன்னொரு துண்டு இருந்தது: −4 முதல் −பை வரை. எண்கோட்டில் வைத்துப் பார்த்தேன். −பை என்பது −3.14, −4 அதற்கும் இடப்பக்கம். −2பையிலிருந்து −பை வரை சைன் மிகை, அந்தப் பெட்டியின் வால் மட்டும் −4-இல் வெட்டுப்பட்டு உள்ளே வருகிறது. நான்கு முனைகளும் மூடியவை. விடை முழுசாகச் சரி தம்பி.